கம்பி செல்ல வழி விடுங்கள்

(ஜும்ஆ தொழுகைக்கு முன் நமது பள்ளிவாசலில் இமாம் அவர்கள் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். ஜமாஅத்தார் பலரின் வேண்டுகோளுக்கிணங்க இவ்வாண்டு மலரில் இடம்பெறுகிறது.)

பிஸ்மில்லாஹிர் ரஹ்மானிர் ரஹீம்.

   

புகழனைத்தும் அகிலங்களின் இரட்சகனாகிய அல்லாஹ்வுக்கே உரியன. அவனுடைய ஸலவாத்தும் ஸலாமும் நம் உயிரினும் மேலான நபிகள் நாயகம் (ஸல்) அவர்கள் மீதும், அவர்களின் குடும்பத்தார், தோழர்கள் அனைவர் மீதும் உண்டாவதாக.

தொழுகையையும் நோன்பையும் ஜகாத்தையும் பற்றிப் பேசவேண்டிய இடத்தில் மின்சாரக் கம்பியைப் பற்றிப் பேச வந்திருக்கிறோம். சிலருக்கு இது வியப்பாக இருக்கலாம். ஆனால் தொழுகையில் ஒரே வரிசையில் தோளோடு தோள் சேர்ந்து நிற்கும் இருவர், வெளியே சென்றதும் ஒருவர் முகத்தை ஒருவர் பாராமல் செல்வதற்குச் சில வேளைகளில் சில அடி நீளக் கம்பி காரணமாகிவிடுகிறது. ஆகவே இதையும் இங்கே பேசித்தான் ஆகவேண்டும்.

நம் வட்டாரத்திற்கு வழக்கு மன்றம் புதிதன்று. வேலூர், ஆம்பூர், வாணியம்பாடி, பேரணாம்பட்டு, இராணிப்பேட்டைப் பகுதிகளின் தோல் தொழிற்சாலைக் கழிவுநீர் பாலாற்றையும் நிலத்தடி நீரையும் கெடுப்பது தொடர்பாக வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில், 1996 ஆகஸ்ட் 28 அன்று உச்சநீதிமன்றம் அளித்த தீர்ப்பு இந்திய நாடெங்கும் இன்றுவரை எடுத்துக்காட்டப்படுகிறது. என் நிலத்தில் நான் செய்வதை யார் கேட்பது என்று எவரும் சொல்ல முடியாது, அண்டையாருக்கு நேரும் தீங்குக்கு அவர் பொறுப்பேற்க வேண்டும் என்பதை அன்று நம் ஊர்கள் கற்றுக்கொண்டன. அது ஆற்றைப் பற்றிய பெரிய வழக்கு. இன்று நாம் பேசுவது ஒரு சந்தைக் கடக்கும் சிறிய வழக்கு. ஆயினும் இரண்டிலும் கேள்வி ஒன்றே: என் எல்லைக்கு அப்பால் இருப்பவருக்கு என்மீது என்ன உரிமை?

பிணக்கு பிறக்கும் இடம்

நம் ஊர்களின் பழைய வீடுகளை எல்லாரும் அறிவீர்கள். தெருப்பக்கம் அகலம் குறைவு, உள்ளே நீளம் மிகுதி. திண்ணை, கூடம், முற்றம், அதற்குப் பின்னும் அறைகள், கடைசியில் கிணறு. பாட்டனார் காலத்தில் எல்லாரும் ஒரே கூரையின்கீழ் வாழ்ந்தனர். ஒரே மீட்டர், ஒரே கட்டணம். அவர் மறைந்து மீராஸ் பிரிக்கும்போது வீடு குறுக்கே வெட்டப்படுகிறது. முன்கட்டு ஒருவருக்கு, நடுக்கட்டு ஒருவருக்கு, பின்கட்டு ஒருவருக்கு. மின்கம்பமோ தெருவில் நிற்கிறது. பின்கட்டுக்காரர் தம் பெயரில் இணைப்புக் கேட்டால், கம்பி முன்கட்டின்மீதோ சுவரோரமாகவோதான் வந்தாகவேண்டும். அங்கேதான் பிணக்கு பிறக்கிறது.

நம்மிடம் வந்த ஒரு விவகாரத்தைச் சொல்லுகிறோம். ஊரும் பேரும் வேண்டாம், படிப்பினை போதும். மனைவியை முன்பே இழந்திருந்த ஒரு பெரியவர் மவுத்தானார். இரண்டு ஆண் மக்கள், ஒரு பெண். ஆணுக்கு இரு பங்கு, பெண்ணுக்கு ஒரு பங்கு. சொத்தை ஐந்தாக வகுத்துக் கணக்கிட்டுக் கொடுத்தவர்கள் நாமே. மூத்தவருக்குத் தெருவைப் பார்த்த முன்கட்டு, இளையவருக்கு வேறிடத்து மனை, கணவரை இழந்த சகோதரிக்குப் பின்கட்டு. நடந்து செல்ல ஒரு சிறு சந்து விடப்பட்டது. அது மூத்தவரின் பங்கில் சேர்ந்தது. எல்லாரும் மனமொப்பிக் கையெழுத்திட்டனர். ஃபராயிளு சட்டப்படி ஒரு தம்பிடி பிசகாமல் பிரித்துவிட்டோம் என்று நாமும் அகமகிழ்ந்தோம்.

ஓராண்டு சென்றது. முன்கட்டிலிருந்த தந்தையின் பழைய மீட்டரிலிருந்தே பின்கட்டுக்கும் கம்பி சென்றுகொண்டிருந்தது. கட்டணத்தை யார் எவ்வளவு கட்டுவது என்பதில் சொல் வளர்ந்து, ஒருநாள் மூத்தவர் பின்கட்டுக் கம்பியைக் கழற்றிவிட்டார். சகோதரி தம் பெயரில் இணைப்புக்கு விண்ணப்பித்தார். அளவெடுக்க ஊழியர்கள் வந்தபோது, தம் சுவர்மீதோ சந்தின்மீதோ கம்பி செல்லக்கூடாது என்று மூத்தவர் எழுதிக் கொடுத்துவிட்டார். இருள் பொறுக்காமல் சகோதரி பின்தெருவில் உள்ள ஒருவர் வீட்டிலிருந்து கம்பி இழுத்துக்கொண்டார். அது சோதனையில் அகப்பட்டு, இரக்கப்பட்டு உதவிய அந்த வீட்டுக்காரர் அபராதக் கட்டணம் கட்ட நேர்ந்தது. பத்தாம் வகுப்புத் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்த அந்த அம்மையாரின் மகள், தெருவிளக்கின் வெளிச்சம் விழும் இடம் தேடி மாமன் வீட்டுத் திண்ணை ஓரம் அமர்ந்து படித்தாள். அந்த மாமன் அதைக் கண்டும் காணாதவர் போல் உள்ளே சென்றுவிடுவார். பிறகு வக்கீல், வழக்கு, வாய்தா.

சட்டம் என்ன சொல்லுகிறது?

வழக்கு மன்றப் படியேறுமுன் சட்டத்தை அறிந்திருப்பது நன்று. அரைகுறைச் செய்தியை நம்பியே இரு தரப்பாரும் பொருளை இழக்கின்றனர்.

2003ஆம் ஆண்டின் மின்சாரச் சட்டத்தின் 43ஆம் பிரிவு, ஓர் இடத்தின் உரிமையாளரோ குடியிருப்பவரோ கேட்டால் மின்சாரம் வழங்குவதை மின் நிறுவனத்தின் கடமையாக்குகிறது. 2013இல் நம் அண்டை மாவட்டமான திருவண்ணாமலையைச் சேர்ந்த வழக்கொன்றில், புறம்போக்கில் குடியிருந்த ஏழைகளின் மின் இணைப்புக் கோரிக்கையைக் கேட்ட சென்னை உயர்நீதிமன்றம், மின்சாரம் பெறுவதை மனித உரிமையாகவே கருதவேண்டும் என்றது. வீட்டுச் சொந்தக்காரர் தடையில்லாக் கடிதம் தரவில்லை என்பதை மட்டும் காட்டி வாடகைதாரருக்கு மின்சாரம் மறுக்கலாகாது என்று 2022 மே மாதத்தில் உச்சநீதிமன்றம் சொன்னது. விண்ணப்பித்தவர் அங்கே குடியிருக்கிறாரா என்பதே பார்க்கவேண்டியது என்றும் அது விளக்கியது.

ஆனால் இங்கே ஒரு நுட்பம் உண்டு. மின்சாரம் பெறும் உரிமை வேறு, அடுத்தவர் நிலத்தின்மீது கம்பி கொண்டுசெல்லும் உரிமை வேறு. தமிழ்நாட்டில் 2004இல் வந்த மின் பகிர்மான விதித்தொகுப்பு இதைத் தெளிவாகப் பிரிக்கிறது. தெருமுகப்பு இல்லாத வீட்டுக்கு அடுத்தவர் இடத்தின் வழியே கம்பி வரவேண்டுமானால், அதற்கான வழியனுமதியை விண்ணப்பதாரரே தம் செலவில் பெற்றுத்தர வேண்டும். பின்னாளில் அந்த அனுமதி திரும்பப் பெறப்பட்டால், கம்பியை மாற்றும் செலவும் அவருடையதே.

அனுமதி மறுக்கப்பட்டால் வாசல் அடைந்துவிட்டதா? இல்லை. மின் உரிமதாரர் பணிகள் குறித்து 2006இல் மத்திய அரசு வகுத்த விதிகளின்படி, நிலச்சொந்தக்காரர் ஆட்சேபித்தால் மாவட்ட நடுவரின் எழுத்துமூல அனுமதியைப் பெற்று மின் நிறுவனம் கம்பி அமைக்கலாம். அப்போது நிலச்சொந்தக்காரருக்கு உரிய இழப்பீட்டையோ ஆண்டு வாடகையையோ அவர் நிர்ணயிப்பார். மாவட்ட நடுவர் என்பவர் நம் மாவட்ட ஆட்சியரே. 2019இல் பழைய வேலூர் மாவட்டம் மூன்றாகப் பிரிந்தபின், ஆம்பூர், வாணியம்பாடி மக்களுக்குத் திருப்பத்தூர் ஆட்சியர், மேல்விஷாரத்தாருக்கு இராணிப்பேட்டை ஆட்சியர், பேரணாம்பட்டு, குடியாத்தம் மக்களுக்கு வேலூர் ஆட்சியர்.

பாகம் பிரிந்த வீடுகளுக்கு மற்றொரு பழைய சட்டமும் துணை நிற்கிறது. 1882ஆம் ஆண்டின் இந்திய வசதியுரிமைச் சட்டம், கூட்டுச்சொத்து பிரிக்கப்படும்போது, ஒருவர் பங்கை அனுபவிக்க மற்றவர் பங்கின்மீது ஒரு வசதி இன்றியமையாததாக இருந்தால், அது அவருக்கு உண்டு என்கிறது. அதே சட்டம், அந்த உரிமையை நிலச்சொந்தக்காரருக்கு மிகக் குறைந்த தொல்லை தரும் முறையிலேயே பயன்படுத்த வேண்டும் என்றும், அவசியம் தீர்ந்தால் அவசியத்தால் வந்த உரிமையும் தீரும் என்றும் கட்டுப்படுத்துகிறது. எது இன்றியமையாதது என்பதை உரிமையியல் நீதிமன்றம் சாட்சியங்களைப் பார்த்தே முடிவு செய்யும். அதற்கு ஆண்டுகள் செல்லும்.

ஒரு வீட்டுக்கென அனுமதிக்கப்பட்ட மின்சாரத்தை வேறு வீட்டுக்குக் கொடுப்பது, மின்சாரச் சட்டத்தின் 126ஆம் பிரிவின்படி அனுமதியற்ற பயன்பாடு. அதற்கு இரு மடங்குக் கட்டணம் விதிக்கப்படும். கம்பத்தில் கொக்கி போட்டு எடுப்பதோ 135ஆம் பிரிவின்படி திருட்டு. சிறைத்தண்டனைக்கும் இடமுண்டு. மார்க்கத்திலும் அது பொதுச்சொத்தில் செய்யும் மோசடியே. அந்த வெளிச்சத்தில் குர்ஆன் ஓதுவதால் அது ஹலாலாகிவிடாது.

மார்க்கம் என்ன சொல்லுகிறது?

மின்சாரம் நபிகளார் காலத்தில் இல்லை. ஆனால் சுவரும் உத்தரமும் வாய்க்காலும் இருந்தன. அண்டை வீட்டார் தம் உத்தரத்தை ஒருவருடைய சுவரில் பொருத்திக்கொள்ள வந்தால் அதைத் தடுக்கவேண்டாம் என்று நபி (ஸல்) அவர்கள் ஏவியதை அபூஹுரைரா (ரலி) அவர்கள் அறிவிக்கிறார்கள். புகாரி, முஸ்லிம் இரண்டிலும் இது பதிவாகியுள்ளது. இதைக் கேட்ட மக்கள் தயங்கித் தலைகுனிந்தபோது, நீங்கள் புறக்கணித்தாலும் இச்செய்தியை உங்கள் தோள்களுக்கிடையே போடாமல் விடமாட்டேன் என்ற கருத்தில் அவர்கள் கடிந்து பேசினார்கள். தயக்கம் அன்றும் இருந்திருக்கிறது!

இமாம் மாலிக் (ரஹ்) அவர்களின் முவத்தாவில் உள்ள நிகழ்ச்சி நம் விஷயத்திற்கு இன்னும் நெருக்கமானது. ளஹ்ஹாக் இப்னு கலீஃபா (ரலி) அவர்கள் தம் நிலத்துக்கு ஒரு வாய்க்கால் கொண்டுவர விரும்பினார்கள். அது முஹம்மத் இப்னு மஸ்லமா (ரலி) அவர்களின் நிலத்தைக் கடக்கவேண்டும். அவர்கள் மறுத்தார்கள். உங்களுக்கும் அதில் முதலிலும் முடிவிலும் நீர் கிடைக்கும், தீங்கொன்றும் இல்லையே என்று எடுத்துச் சொல்லியும் இணங்கவில்லை. வழக்கு கலீஃபா ஹள்ரத் உமர் (ரலி) அவர்களிடம் சென்றது. உமர் (ரலி) அவர்களும் முதலில் இதமாகவே எடுத்துரைத்தார்கள். அப்போதும் மறுப்பு வரவே, உமது வயிற்றின்மீது செல்வதானாலும் அந்த நீர் சென்றே தீரும் என்று உறுதிபடச் சொல்லி, வாய்க்காலுக்கு உத்தரவிட்டார்கள். வாய்க்கால் இருந்த இடத்தில் கம்பியை வைத்துப் பாருங்கள். அதே வழக்கு நம் தெருவில் நடக்கிறது.

இங்கே ஆலிம்களிடையே உள்ள கருத்து வேறுபாட்டை மறைக்கலாகாது. இமாம் அஹ்மத் (ரஹ்) அவர்கள் உத்தரம் பற்றிய ஹதீஸைக் கட்டாயக் கடமையாகவே கொண்டார்கள். தேவையிருந்து, சுவருக்குத் தீங்கு இல்லையானால் மறுக்க உரிமையில்லை என்றார்கள். நம் ஹனஃபி மத்ஹபின் இமாம்கள் உள்ளிட்ட பெரும்பாலோர் அதை விரும்பத்தக்க நற்செயலாகக் கொண்டனர். பிறர் சொத்தில் அவர் மனமொப்பாமல் கைவைக்கலாகாது என்பது அவர்களின் அடிப்படை.

உடனே சிலர், அப்படியானால் நான் மறுக்கலாம், மத்ஹபு எனக்கு இடம் தருகிறது என்பார்கள். சகோதரர்களே! மறுத்தால் காஜி தண்டிக்கமாட்டார் என்பது வேறு, மறுப்பதை அல்லாஹ் விரும்புகிறான் என்பது வேறு. தொழுகையாளிகளைக் கண்டித்துப் பேசும் அத்தியாயம் ஒன்று குர்ஆனில் உண்டு. ஸூரத்துல் மாஊன். அந்த அத்தியாயத்தின் பெயரே, அண்டையார் கேட்கும் சிறு உதவிப் பொருளைக் குறிப்பது. தொழுதுகொண்டே அச்சிறு உதவியை மறுப்போரை அது எச்சரிக்கிறது. ஊசியும் வாளியும் உப்பும் இரவல் கேட்ட காலத்து மாஊன், இன்று சுவரோரம் ஒரு கம்பிக்கு இடம் கேட்கிறது.

கேட்பவருக்கும் எல்லை உண்டு

முன்கட்டுக்காரரை மட்டும் கண்டித்துவிட்டுப் போவது நீதியன்று. பிறர் நிலத்தில் ஒரு சாண் அநியாயமாக எடுத்தவரின் கழுத்தில் மறுமையில் ஏழு பூமிகள் மாலையாகப் பூட்டப்படும் என்ற எச்சரிக்கையை நாம் கேட்டிருக்கிறோம். நிர்ப்பந்தம் பிறர் உரிமையை அழித்துவிடாது என்பது நம் ஃபிக்ஹின் சட்ட விதிகளுள் ஒன்று. பசியால் சாகும் நிலையில் பிறர் ரொட்டியை உண்டவன் உயிர்பிழைத்தபின் அதன் விலையைத் தரக் கடமைப்பட்டவன். கம்பிக்கும் அதுவே.

ஆகவே வழி கேட்பவர் மிகக் குறுகிய, யாருக்கும் இடைஞ்சல் இல்லாத பாதையைக் கேட்கவேண்டும். செலவு முழுவதையும் தாமே ஏற்கவேண்டும். பாதுகாப்பில் சிக்கனம் பிடிக்கலாகாது. வீட்டுக்கு மேலே செல்லும் தாழ்வழுத்தக் கம்பி கூரையிலிருந்து 2.5 மீட்டர் உயரத்திலும், பக்கவாட்டில் 1.2 மீட்டர் தள்ளியும் இருக்கவேண்டும் என்பது நெடுங்காலமாக இருந்துவரும் விதி. குழந்தைகள் ஏறி விளையாடும் மாடியில், துணி உலர்த்தும் கொடிக்கருகில் பழைய கம்பியைத் தொங்கவிட்டுவிட்டு, அண்டை வீட்டார் இரக்கமற்றவர் என்று தூற்றுவது தகாது. தீங்கு செய்வதும் இல்லை, தீங்குக்குப் பதில் தீங்கு செய்வதும் இல்லை என்பது நபிகளார் தந்த அளவுகோல். அது இரு தரப்பையும் அளக்கும்.

வழக்கில் வென்றுவிட்டோம் என்று மகிழ்வோருக்கும் ஓர் எச்சரிக்கை உண்டு. வாதத்திறன் மிக்கவருக்குச் சாதகமாக நாம் தீர்ப்பளிக்க நேரலாம், அவ்வாறு தம் சகோதரரின் உரிமையைப் பெற்றவர் நெருப்புத் துண்டையே பெற்றவராவார் என்ற கருத்தில் நபி (ஸல்) அவர்கள் சொல்லியிருக்கிறார்கள். அவர்களின் தீர்ப்புக்கே அப்படியென்றால் மற்றவர் தீர்ப்பைப் பற்றிச் சொல்லவேண்டுமா?

அந்த வீட்டு விளக்கு

முதலில் சொன்ன விவகாரத்திற்கு வருவோம். வழக்கு நடந்துகொண்டிருந்தபோதே, முதவல்லி அவர்களும் இரண்டு பெரியவர்களும் நாமும் மூத்தவரைச் சந்தித்தோம். மேற்சொன்ன ஹதீஸ்களையெல்லாம் சொன்னோம். அவர் தலைகுனிந்து கேட்டார், இணங்கவில்லை. இறுதியில் முதவல்லி அவர்கள், "உங்களுக்கு என்னதான் அச்சம்? அதைச் சொல்லுங்கள்" என்றார். நெடுநேரம் பேசாதிருந்தவர், "இன்று கம்பி போகும். நாளைக்குச் சந்தே தன்னுடையது என்பார்கள். என் பிள்ளைகள் மாடி கட்ட முடியாமல் போகும் ஹள்ரத்" என்றார். பிறகு நம்மைப் பார்த்து, "பாகம் பிரித்தபோது நீங்கள் இதை எழுதவில்லையே?" என்று கேட்டார்.

அந்தக் கேள்விக்கு நம்மிடம் மறுமொழி இல்லை. பங்கை அணுவளவும் பிசகாமல் கணக்கிட்ட நாம், அந்தப் பங்கில் வாழ்வதற்கான வழியை எழுத மறந்திருந்தோம். உடன்பிறந்தார் இருவர் வழக்கு மன்றத்தில் நின்றதில் நமக்கும் ஒரு பங்கு இருந்தது. அதை அவர் முன்னிலையிலேயே ஒப்புக்கொண்டோம்.

அதன்பின் காரியம் எளிதாயிற்று. சந்தின் மண் மூத்தவருக்கே உரியது, கம்பி செல்வதைக் காட்டி நிலத்தில் எவ்வுரிமையும் கோரமாட்டேன் என்று சகோதரி எழுதினார். சுவரோரம் குழாய்க்குள் கேபிள் செல்ல நிலையான சம்மதம் அளிக்கிறேன், மாடி கட்டும்போது சகோதரியின் செலவில் அதை இடம் மாற்றிக்கொள்ளலாம் என்று மூத்தவர் எழுதினார். இருவரின் வக்கீல்களும் அதைத் திருத்தி அமைத்து, மக்கள் நீதிமன்றத்தில் சமரசமாகப் பதிவு செய்தனர். 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டப்படி அது நீதிமன்றத் தீர்ப்புக்கு நிகரானது, அதன்மீது மேல்முறையீடு இல்லை. கட்டிய நீதிமன்றக் கட்டணமும் திரும்பக் கிடைக்கும். பின்கட்டில் விளக்கு எரிந்தது. அதற்குள் அந்தப் பெண்ணின் தேர்வு முடிந்து போயிருந்தது. அந்த ஒரு வருத்தம் இன்றும் நம் நெஞ்சை விட்டு அகலவில்லை.

ஜமாஅத்தார் செய்யவேண்டியவை

இனி மீராஸ் பிரிக்க நம்மிடம் வருவோர், பங்குக் கணக்கோடு நான்கு வழிகளையும் எழுதாமல் எழுந்திருக்கலாகாது. ஆள் நடக்கும் வழி, குடிநீர்க் குழாயின் வழி, கழிவுநீர் செல்லும் வழி, மின்கம்பி செல்லும் வழி. அளவு, உயரம், பழுதுபார்க்க உள்ளே வரும் உரிமை, செலவு யாருடையது என்பவற்றைப் பாகப்பிரிவினைப் பத்திரத்திலேயே எழுதிப் பதிவு செய்துவிட வேண்டும். வாய்ச்சொல்லாக விட்டது இரவல் போன்றது. கொடுத்தவர் எப்போதும் திரும்பக் கேட்கலாம். எழுதிப் பதிந்ததே பேரப்பிள்ளைகள் காலம்வரை நிற்கும். கடன் கொடுக்கல் வாங்கலையே எழுதிவைக்கச் சொன்ன மார்க்கம் நம்முடையது.

பிணக்கு முன்பே தோன்றியிருந்தால், முதலில் ஜமாஅத்துக்கு வாருங்கள். சமாதானமே மேலானது என்பது குர்ஆனின் வழிகாட்டல். பேசித் தீராவிட்டால் மாவட்ட ஆட்சியருக்கு மனு உண்டு. மின்வாரியத்தின்மீது குறையிருந்தால் ஒவ்வொரு மின் பகிர்மான வட்டத்திலும் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றம் உண்டு, அதற்கு மேல் சென்னையில் மின் குறைதீர்ப்பாளர் உண்டு. நிலம் யாருடையது என்பதே சண்டையானால் உரிமையியல் நீதிமன்றம்தான் வழி. ஆனால் வழக்கு நடக்கும் காலத்திலும் ஸலாம் சொல்வதை நிறுத்தாதீர்கள். கம்பியைக் கழற்றி, இருளை ஆயுதமாக்காதீர்கள்.

முன்கட்டுச் சகோதரர்களே! உங்கள் சுவரோரம் செல்லும் கம்பியால் உங்கள் நிலம் ஒரு விரற்கடையும் குறையாது. அதன் மறுமுனையில் எரியும் விளக்கின்கீழ் ஒரு குழந்தை படிக்கும், ஒரு மூதாட்டி தஹஜ்ஜுதுக்கு எழுவார், ஒரு நோன்பாளி ஸஹருக்கு உலை வைப்பார். அந்த நன்மைகளில் உங்களுக்கும் பங்கு உண்டு. மின்சாரத்திற்கு அவர்கள் கட்டணம் கட்டுவார்கள். நீங்கள் விட்ட வழிக்கான கூலி அல்லாஹ்விடம் இருக்கிறது.

யா அல்லாஹ்! எங்கள் வீடுகளையும் உள்ளங்களையும் கப்ருகளையும் ஒளியுள்ளவையாக ஆக்குவாயாக! அண்டை வீட்டாருக்கு எங்களை ஆறுதலாக ஆக்குவாயாக! உடன்பிறந்தாரிடையே உள்ள பகையை நீக்குவாயாக! ஆமீன், யா ரப்பல் ஆலமீன்.